ஒரே மனிதர், இரண்டு இறுதி ஆட்டங்கள்

(ஆசிரியர்களுக்கான பணியிடைப் பயிற்சியில் ஆற்றிய உரை)



குறுவட்டப் போட்டிகள் நெருங்கும் நேரத்தில் கூடியிருக்கிறோம். ஆட்ட விதிகளைப் பற்றிப் பேச என்னைவிட நன்கு அறிந்த உடற்கல்வி ஆசிரியர்கள் இங்கே இருக்கிறீர்கள். நான் ஓர் ஆட்டக்காரரைப் பற்றி மட்டும் சொல்கிறேன். அவர் பெயர் லூயிஸ் மோன்டி. உலகக் கோப்பைக் கால்பந்து இறுதி ஆட்டத்தில் இரண்டு வெவ்வேறு நாடுகளுக்காக ஆடியவர் இதுவரை அவர் ஒருவர்தான்.

மோன்டி 1901-இல் அர்ஜென்டினாவின் புவெனஸ் அயர்ஸ் நகரில், இத்தாலிய வம்சாவளிக் குடும்பத்தில் பிறந்தார். பிழைப்புத் தேடி இத்தாலியிலிருந்து லட்சக்கணக்கானோர் அந்நாட்டில் குடியேறியிருந்த காலம் அது. அவர் ஆடியது நடுக்களத்தில், ‘சென்டர் ஹாஃப்’ இடத்தில். எதிரணியின் தாக்குதலைத் தடுக்க வேண்டும். பந்தைப் பறித்து நம் முன்வரிசைக்கும் கொடுக்க வேண்டும். களத்தின் குறுக்கே அவ்வளவு பரப்பை அவர் காத்ததால், ‘இரட்டை அகலம்’ என்ற பொருளில் அவருக்கு ஒரு பட்டப்பெயர் உண்டு. முரட்டுத்தனமாக ஆடுபவர் என்ற பெயரும் இருந்தது. அதை மறைக்க வேண்டியதில்லை.

1930-இல் முதல் உலகக் கோப்பை உருகுவேயில் நடந்தது. அப்போட்டியில் அர்ஜென்டினாவின் முதல் கோலை, பிரான்ஸுக்கு எதிராக, ஃப்ரீ கிக் மூலம் அடித்தவர் மோன்டியே. ஜூலை 30 அன்று மான்டிவிடியோவில் இறுதி ஆட்டம். உருகுவேயும் அர்ஜென்டினாவும் அண்டை நாடுகள், கடும் போட்டியாளர்கள். யாருடைய பந்தில் ஆடுவது என்பதிலேயே தகராறு. முதல் பாதியில் ஒருவர் பந்து, இரண்டாம் பாதியில் மற்றவர் பந்து என்று முடிவாயிற்று. மோன்டிக்குக் கொலை மிரட்டல் வந்ததாகவும் பின்னாளில் சொல்லப்பட்டது.

இடைவேளையின்போது அர்ஜென்டினா 2-1 என முன்னிலையில் இருந்தது. முடிவில் உருகுவே 4-2 என வென்றது. மோன்டி அன்று வழக்கமான வேகத்தில் ஆடவில்லை. புவெனஸ் அயர்ஸில் கோபம் கொந்தளித்தது. உருகுவே துணைத் தூதரகத்தின் மீது கல்லெறிந்தார்கள். மோன்டி மீதும் பழி விழுந்தது.

அடுத்த ஆண்டு இத்தாலியின் யுவென்டஸ் கழகம் அவரை அழைத்தது. அப்போது அவருக்கு வயது 30. உடல் எடை கூடியிருந்தது. ஆடும் தகுதியில் இல்லை. கழகம் அவரைத் திருப்பி அனுப்பவில்லை. தனியாகப் பயிற்சி எடுக்க அவகாசம் கிடைத்தது. அவரும் உழைத்து உடலைத் தேற்றினார். 1932 முதல் 1935 வரை தொடர்ந்து நான்கு முறை யுவென்டஸ் லீக் பட்டம் வென்றது. அந்த அணியின் நடுக்களத் தூண் மோன்டி.

முன்னோர் இத்தாலியர் என்பதால் இத்தாலிய அணியிலும் அவருக்கு இடம் கிடைத்தது. 1934 ஜூன் 10, ரோம் நகரில் இறுதி ஆட்டம். பார்வையாளர் மாடத்தில் முசோலினி அமர்ந்திருந்தார். வெற்றியைத் தம் ஆட்சியின் பெருமையாகக் காட்டக் காத்திருந்தவர் அவர். செக்கோஸ்லோவாகியா முதலில் கோல் அடித்தது. இத்தாலி சமன் செய்து, கூடுதல் நேரத்தில் 2-1 என வென்றது. சமன் செய்த ஓர்சியும் அர்ஜென்டினாவில் பிறந்தவரே. நான்கு ஆண்டுகளுக்கு முன் பழி சுமந்த மோன்டி இப்போது உலக வெற்றி அணியின் வீரர்.

இன்றைய விதிகளின்படி, ஒரு நாட்டுக்காக உலகக் கோப்பையில் ஆடியவர் வேறு நாட்டு அணிக்கு மாற முடியாது. எனவே இப்படியொரு வரலாறு இனி நிகழ வாய்ப்பில்லை. ஆனால் ஆசிரியர்களுக்கு இதில் ஒரு செய்தி இருக்கிறது.

இரண்டு இறுதி ஆட்டங்களிலும் களமிறங்கியவர் ஒரே மனிதர். ஆடிய இடமும் ஒன்றே. முதல் ஆட்டத்தின் முடிவை வைத்து அவரை எடைபோட்டவர்கள், அன்று அவர் தோளில் இருந்த சுமையைக் கணக்கில் எடுக்கவில்லை. அவரை மீட்டெடுத்தது புகழ்ச்சி அன்று. அவகாசமும் பயிற்சியும் ஓர் இடமும்தான். அதே சமயம், ரோமில் அவர் மீதிருந்த சுமையும் சிறியதல்ல. வெற்றி கிடைத்ததால் அது வெளியே தெரியவில்லை, அவ்வளவே.

நம் பிள்ளைகளிடமும் இதைப் பார்க்கிறோம். பள்ளிக்குக் கோப்பை வேண்டும் என்று நாம் சொல்வது, பதின்மூன்று வயதுப் பிள்ளையின் காலில் எடையாக ஏறுகிறது. காலையில் சாப்பிடாமல் வந்த பிள்ளை, வெளிமாநிலத்திலிருந்து வந்து மொழி பழகாத பிள்ளை, மைதானத்தில் தடுமாறினால் ‘இவன் சரிப்பட மாட்டான்’ என்று அணியிலிருந்து நீக்குவது எளிது. ஒரு தேர்வு மதிப்பெண்ணை வைத்து வகுப்பறையில் நாம் எடுக்கும் முடிவுகளும் இப்படித்தான்.

எனவே இந்தப் பருவத்தில் நான் உங்களிடம் கேட்பது மூன்று. தோற்றுத் திரும்பும் அணியிடம் அன்றே விசாரணை வேண்டாம். முதலில் சாப்பாடு, மறுநாள் பேச்சு. தவறு செய்த பிள்ளையைப் பிரார்த்தனைக் கூட்டத்தில் பெயர் சொல்லிக் குறிப்பிட வேண்டாம். அடுத்த அணித்தேர்வில் அந்தப் பிள்ளையின் பெயரையும் மறக்காமல் அழையுங்கள். மைதானத்துக்கு வருவதா வேண்டாமா என்பதை அதன் பிறகு அந்தப் பிள்ளையே முடிவு செய்யட்டும்.