எரியாமல் தப்பிய தாள்கள்



இந்த நூலக வாசகர் வட்டத்தில் நிலையாமையைப் பற்றிப் பேசச் சொன்னீர்கள். சாவுப் பேச்சை எடுத்தாலே "அபசகுனமாகப் பேசாதே" என்று வாயை அடைக்கிற வீடுகள் நம் வீடுகள். இன்றைக்காவது ஒரு மரணத்தின் பக்கத்தில் கொஞ்ச நேரம் உட்காருவோம்.

1920. சென்னை சேத்துப்பட்டு. கணித மேதை இராமானுஜன் எலும்பும் தோலுமாகப் படுத்திருக்கிறார். வயது 32. இங்கிலாந்திலிருந்து திரும்பி ஓராண்டுதான் ஆகிறது. வலி விடவில்லை, அவரும் கணக்கை விடவில்லை. அந்த ஜனவரியில்தான் இங்கிலாந்துக் கணிதர் ஹார்டிக்குக் கடிதம் எழுதி, 'மாக் தீட்டா' என்ற புதிய சார்புகளைக் கண்டதாகச் சொல்கிறார். ஏப்ரல் 26 அன்று உயிர் பிரிந்தது.

அவர் எழுதி எழுதிப் போட்ட தாள்களைச் சேர்த்து வைத்தவர் மனைவி ஜானகி அம்மாள். இளம் வயதிலேயே கைம்பெண்ணாகி, தையல் கற்று, திருவல்லிக்கேணியில் தைத்துப் பிழைத்து, 1994 வரை வாழ்ந்த அந்த அம்மாளுக்கு இந்த அவை ஒரு கும்பிடு போட வேண்டும்.

தாள்கள் கடல் கடந்தன. கடைசியில் வாட்சன் என்ற கணிதப் பேராசிரியரிடம் போய்ச் சேர்ந்தன. 1965இல் அவரும் போய்ச் சேர்ந்தார். அவருடைய படிப்பறைத் தரை முழுக்கக் காகிதக் குவியல். சில நாளில் எரித்துவிட ஏற்பாடு! அதற்குள் விட்டேக்கர் என்பவர் வந்து கிளறினார். இராமானுஜன் கையெழுத்து கண்ணில் பட்டது. தாள்கள் கேம்பிரிட்ஜ் டிரினிட்டி கல்லூரி நூலகத்துக்குப் போயின. 1976இல் ஆண்ட்ரூஸ் என்ற அமெரிக்கக் கணிதர் அங்கே அவற்றைக் கண்டார். உள்ளே அறுநூற்றுக்கும் மேற்பட்ட சூத்திரங்கள்! அவற்றை விளக்கி நிறுவ ஐந்து பெருந்தொகுதிகள் தேவைப்பட்டன. ஐந்தாவது 2018இல்தான் வந்தது.

எனக்கு நெஞ்சு பதறுவது அந்த 'சில நாள்' என்பதில்தான். உடம்பு போவதைத் தடுக்க நம்மால் ஆகாது. ஆனால், போனவர் எழுதி வைத்ததை இரண்டாம் முறை நாமே கொல்கிறோமே, அது விதியா?

பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும் நாம் என்ன செய்கிறோம்? அறையை ஒழிக்கிறோம். தாத்தாவின் நாட்குறிப்பு, அப்பாவின் வைத்தியக் குறிப்பு, ஒப்பாரிப் பாட்டு எழுதிய பாட்டியின் நோட்டு எல்லாம் பழைய பேப்பர் கடை எடையில் ஏறுகின்றன. பிரித்துக்கூடப் பார்ப்பதில்லை.

கைகூப்பிக் கேட்கிறேன். எடைக்குப் போடுமுன் ஒவ்வொரு தாளையும் பிரித்துப் பாருங்கள். எழுதியவர் பெயரையும் ஊரையும் மேலே குறியுங்கள். வீட்டில் வைக்க இடமில்லையென்றால் இந்த நூலகத்துக்குக் கொண்டுவாருங்கள்.