அரைக் கிலோ கறியில் ஐந்து பேருக்கு விருந்து
(கூட்டமைப்பு ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



இன்னைக்கு நான் சொல்லப்போற பலகாரத்துக்குப் பேரு ஷ்னிட்செல். ஆஸ்திரியா, ஜெர்மனி நாட்டுச் சாப்பாடு. ‘வீனர் ஷ்னிட்செல்’னு பேர் போட்டு வித்தா அது கன்றுக்கறியாத்தான் இருக்கணும்னு அங்கே விதி. கன்றுக்கறி விலை கூட. அதனால வீடுகள்ல பெரும்பாலும் பன்றிக்கறியிலதான் செய்யறாங்க. பன்றி சாப்பிடாதவங்க கோழி நெஞ்சுக்கறியில செய்யலாம். அங்கேயும் அப்படிச் செய்யறவங்க உண்டு.

இதுல நமக்கு என்ன இருக்குன்னு கேட்பீங்க. சிக்கனம் இருக்கு. அரைக் கிலோ எலும்பில்லாத கறியை அஞ்சு துண்டாக்கி, பிளாஸ்டிக் தாளுக்கு நடுவுல வச்சு, சப்பாத்திக் கட்டையால அரை சென்டிமீட்டர் கனத்துக்குத் தட்டணும். ஒரு துண்டே தட்டை நிறைச்சிடும். மேல ஒட்டுற தூளும் காய்ஞ்ச பழைய ரொட்டியைப் பொடிச்சதுதான்.

முதல்ல உருளைக்கிழங்கை விரலை விட மெல்லிசா நறுக்கி, அரை மணி நேரம் தண்ணியில போட்டு, ஈரம் போகத் துடைக்கணும். மிதமான சூட்டுல வெள்ளையா வேகவிட்டு எடுத்து ஆறவைங்க. கறி பொரிக்கிறதுக்குக் கொஞ்சம் முன்னாடி, நல்ல சூட்டுல மறுபடி பொரிச்சா மொறுமொறுப்பு வரும்.

கறித்துண்டுல உப்புத் தடவி, மைதா, அடிச்ச முட்டை, ரொட்டித்தூள்னு வரிசையாப் புரட்டுங்க. தூளை அழுத்தக் கூடாது. உடனே பொரிக்கணும். எண்ணெய் ரெண்டு விரக்கடை ஆழம் இருக்கணும். ஒரு சிட்டிகை தூள் போட்டா உடனே நுரைச்சு மேல வரணும். பக்கத்துக்கு ரெண்டு நிமிஷம் போதும்.

சாஸுக்கு, வெண்ணெய்யில சின்ன வெங்காயம் வதக்கி, ஒரு ஸ்பூன் கொரகொரப்பான மிளகு, ஒரு டம்ளர் எலும்புச் சாறு ஊத்திப் பாதியாச் சுண்டவிடுங்க. நாலு ஸ்பூன் கிரீம் சேர்த்து இறக்குங்க. பக்கத்துல வச்சுப் பரிமாறணும். மேல ஊத்தினா மொறுமொறுப்பு போயிடும். அந்த மிளகு நம்ம மேற்குத் தொடர்ச்சி மலைச் சரக்கு. கப்பலேறிப் போய் அவங்க அடுப்புல உட்கார்ந்திருக்கு!

இப்போ முக்கியமான விஷயம். பன்றிக்கறி அரைவேக்காட்டுல வயித்துக்குள்ள போனா நாடாப்புழு வரலாம். புழு இருக்கிறவங்க மலத்துல அதோட முட்டை வெளியேறும். கை கழுவாம சமைச்சா அது மத்தவங்க வயித்துக்குப் போகும். அங்கிருந்து மூளைக்குப் போனா வலிப்பு வரலாம். அதனால கழிப்பறை போயிட்டு வந்ததும், சமைக்கிறதுக்கு முன்னாடியும் சோப்புப் போட்டுக் கை கழுவணும். பச்சைக் கறி வெட்டின கத்தி, பலகையை வேற எதுக்கும் தொடக்கூடாது. பொரிச்ச துண்டுல ஒண்ணை நடுவுல வெட்டிப் பாருங்க. சிவப்புத் தெரிஞ்சா மறுபடி எண்ணெய்யில போடுங்க.

விக்க நினைக்கிற குழு, முதல்ல நோட்டைத் திறங்க. கறி, முட்டை, எண்ணெய், கேஸ் எல்லாம் எழுதுவோம். நம்ம கூலியை மட்டும் எழுதாம விட்டுடுவோம். அதையும் சேர்த்து எழுதி, அப்புறம் விலை வைங்க. அப்போ கையில மிஞ்சறதுதான் உண்மையான லாபம்.