வெற்றி பெற்ற பெண் யாருக்கு உரியவள்?

(நம் சங்கத்தின் மாதாந்தரக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



உடற்பயிற்சியும் பெண்மக்களும் என்னும் பொருள்பற்றிச் சில கூறுமாறு நம் சங்கத்தார் எம்மைப் பணித்தனர். பொதுப்படப் பேசுதலினும் ஒரு பெண்மணியின் வரலாற்றை எடுத்துரைத்தல் மிக்க பயன் தருமென்று கருதி, டேக்வாண்டோ என்னும் போர்க்கலையிற் புகழெய்திய கிமியா அலிசாதே என்பாரின் சரிதத்தைத் தங்கள் திருமுன் வைக்கத் துணிந்தோம். அவர் நம் நாட்டினருமல்லர், நம் மரபினருமல்லர், பாரசீகமென வழங்கிய ஈரான் தேசத்திற் பிறந்தவர். எனினும், நம் போன்ற சங்கத்தார் ஆராயத்தக்க வினா ஒன்று அவர் வரலாற்றினுள் அடங்கிக் கிடக்கின்றது.

டேக்வாண்டோ கொரிய நாட்டினர் உலகிற்கு அளித்த கலை. கையாற் குத்துதலும் உண்டாயினும், காலால் உதைத்தலே இதன்கண் தலைமை பெற்றது. எதிரியின் மார்புக் கவசத்தின்மேல் உதை விழுந்தால் 2 புள்ளி. தலைமேல் விழுந்தால் 3 புள்ளி. உடலைச் சுழற்றி உதைப்பின் இன்னும் மிகுதி. ஒரு சுற்றுக்கு 2 நிமிஷமாக மூன்று சுற்றுக்கள் வரை நடைபெறும். 2000-ம் ஆண்டில் சிட்னி நகரில் நடந்த ஒலிம்பிக் விழா முதலாக இது பதக்கத்திற்குரிய போட்டியாயிற்று. அன்றே ஆடவரோடு மகளிர்க்கும் இடமளிக்கப்பட்டது.

கிமியா 1998-ம் ஆண்டு ஜூலை 10-ந் தேதி, டெஹ்ரானை அடுத்த கராஜ் என்னும் நகரிற் பிறந்தார். 2014-ல் சீன தேசத்து நான்ஜிங்கில் நடந்த இளைஞர் ஒலிம்பிக்கில் தங்கப் பதக்கம் பெற்றார். அடுத்த ஆண்டில் ருஷிய நாட்டுச் செல்யாபின்ஸ்க் நகரில் நிகழ்ந்த உலகப் போட்டியில் வெண்கலம் அவரை அடைந்தது. 2016-ல் ரியோ ஒலிம்பிக்கில், 57 கிலோ எடைப் பிரிவில், ஸ்வீடன் தேசத்து வீராங்கனையை 5-க்கு 1 என்னும் புள்ளிக் கணக்கில் வென்று வெண்கலம் பெற்றார். ஒலிம்பிக் விழாவில் ஈரானியப் பெண்ணொருத்தி பெற்ற முதற் பதக்கம் அதுவே. அப்பொழுது அவர்க்கு வயது 18.

நாடெங்கும் பெருமகிழ்ச்சி பொங்கிற்று. அந்நாட்டின் அதிபராயிருந்த ரூஹானி அவர்கள், 'மகளே' என விளித்து வாழ்த்துரைத்தார். மறு ஆண்டில் கொரியாவின் முஜு நகரில் நிகழ்ந்த உலகப் போட்டியில் வெள்ளியும் பெற்றார். இதுகாறும் கூறியது புகழின் வரலாறு.

2020-ம் ஆண்டு ஜனவரியில், தாம் ஈரானை நீங்கியதாக இன்ஸ்டாகிராம் வாயிலாய் அவர் உலகிற்கு அறிவித்தார். தாம் ஒடுக்கப்பட்ட எண்ணிறந்த பெண்களுள் ஒருத்தியென்றும், அதிகாரிகள் அழைத்த இடத்திற்குச் சென்று, அணியச் சொன்னதை அணிந்து, சொல்லச் சொன்னதைச் சொன்னதாகவும், தம் பதக்கங்களைத் தங்கள் பெருமைக்குப் பயன்படுத்திக்கொண்ட அவர்கள் தம்மை ஒரு பொருட்டாக மதிக்கவில்லையென்றும் அவ்வறிக்கையின் கருத்து. மேடையில் மகளென்று அழைக்கப்பட்டவர், வீட்டில் மகளுக்குரிய வாய்ச்சொல் தமக்கு இல்லையென்று கூறினார். இதனினும் வருந்தத்தக்கது வேறு யாது?

ஜெர்மனியில் அடைக்கலம் பெற்ற அவர், 2021-ல் நடந்த டோக்கியோ ஒலிம்பிக்கில், 29 பேர் கொண்ட அகதிகள் அணியில் ஒருவராய்க் களம் புகுந்தார். விதியின் விளையாட்டோ என்னும்படி, முதல் ஆட்டத்திலேயே எதிர்ப்பட்டவர் ஈரானின் நாஹித் கியானி. முன்பு ஓரணியில் உடனிருந்தவர். கிமியா 18-க்கு 9 எனப் புள்ளி பெற்று வென்றார். அடுத்து, 2012-லும் 2016-லும் தங்கம் வென்றிருந்த பிரிட்டன் வீராங்கனை ஜேட் ஜோன்ஸை 16-க்கு 12 என வீழ்த்தினார். எனினும் அரையிறுதியில் தோற்று, வெண்கலத்திற்குரிய ஆட்டத்தையும் 6-க்கு 8 என இழந்து வெறுங்கையராய்த் திரும்பினார். மனம் தளர்ந்தாரல்லர். பின்னர் பல்கேரிய நாட்டின் குடியுரிமை பெற்று, 2024-ல் பாரிஸ் விழாவில் அந்நாட்டின் சார்பில் நின்றார். அங்கும் கியானியே எதிர்ப்பட்டார். இம்முறை வென்றவர் கியானி. அவர் ஈரானுக்கு வெள்ளி ஈட்டினார். கிமியா பின்னர் வந்த ஆட்டங்களில் வென்று வெண்கலம் பெற்றார்.

இங்கே சிலர், 'பயிற்றுவித்து வளர்த்த நாட்டைத் துறத்தல் நன்றி மறத்தலன்றோ?' என வினவுவர். தக்க வினாவே, தள்ளத்தக்கதன்று. பிறந்த நாட்டிலேயே நின்று பெருமை தேடிய கியானியும் நம் வணக்கத்திற்குரியவரே. நின்றவரை அடிமையென்றும் சென்றவரைத் துரோகியென்றும் இகழ்தல் அறிவுடைமையன்று. ஆனால் வளர்த்தவர்க்கு உரியது நன்றி, உடைமையுரிமையன்று. நீரூற்றியவன் மரத்தின் நிழலில் அமரலாம். அது கிளை விடும் திசையைக் கட்டளையிடலாகாது.

அன்பர்களே! ஈரானை நோக்கி விரல் நீட்டுதல் எளிது. நம் மன்றத்தை நோக்குவோம். சில ஆண்டுகளுக்கு முன், ஓட்டப் பந்தயத்தில் மாவட்ட அளவில் வென்ற நம் மரபுச் சிறுமி ஒருத்திக்கு இதே மேடையில் மாலையிட்டோம். 'நம் குலவிளக்கு' என்று புகழ்ந்தோம். படத்தையும் நம் பத்திரிகையில் அச்சிட்டோம். ஓராண்டு கழியுமுன் அவள் ஓட்டத்தை நிறுத்திவிட்டாள். பெரியோர் கூடி, போதுமென முடிவு செய்தனராம். அம்முடிவை எடுத்தபோது அவளை ஒருவரும் கேட்கவில்லை. அதை அறிந்த யாமும் வாய் திறந்தோமில்லை. அவள் வெற்றியில் பங்கு கொண்ட நாம், அவள் விருப்பத்தில் பங்கு கொண்டோமா?

ஆகலின் சங்கத்தாரிடம் மூன்று விண்ணப்பம் செய்துகொள்கின்றோம். நம் விளையாட்டு மைதானத்தில் நாள்தோறும் ஒரு வேளை பெண்களுக்கென ஒதுக்குக. மாலைக்கும் படத்திற்கும் செலவாகும் பொருளினும் மிகுதியாகப் பயிற்சிக் கட்டணத்திற்கு அளிக்க. பரிசு பெறும் ஒவ்வொரு பெண்ணையும், 'மேலே என் செய்ய விரும்புகின்றாய்?' என்று பெற்றோர் முன்னிலையிற் கேட்டு, அவள் விடையைப் பதிவு செய்க.

இப்பொழுது எம் வினாவுக்கு வருவோம். வெற்றி பெற்ற பெண் யாருக்கு உரியவள்? நாட்டிற்கென்பர் சிலர், குலத்திற்கென்பர் சிலர், குடும்பத்திற்கென்பர் பலர். களத்தின் நடுவே அவள் தனித்தே நிற்கின்றாள். உதையை வாங்குவதும் அவள் உடலே. அவள் முதற்கண் தனக்கே உரியவள். அதனை ஒப்பியபின் நாம் 'எம் மகள்' என்று அழைப்போமாயின், அவளும் மனமுவந்து திரும்பிப் பார்ப்பாள்.