கெர்மா மேடு யாருடையது?



சூடானில் நைலாற்றங்கரைக் கெர்மாவை 1913 முதல் 1916 வரை அகழ்ந்த அமெரிக்க அறிஞர் ரைசுனர், மாபெருங் கல்லறை மேடுகளையும் அவற்றுள் எகிப்தியச் சிலைகளையும் கண்டார். கண்டதும், எகிப்திய ஆளுநர்தம் புதையிடம் இஃதென்று முடிவு கட்டினார். கரியநிற நூபியர்க்கு இத்துணை ஆற்றல் இராதென்னும் இனச்செருக்கு அவர் கண்ணை மறைத்தது.

மறுப்போ அவர் கையிலேயே இருந்தது! குயவன் திகிரியின்றிக் கையாலேயே வனைந்த மட்கலங்கள். முட்டையோட்டை ஒத்த மென்மை. செந்நிற உடல், கருநிற வாய், இடையே வெள்ளிபோல் மின்னும் சாம்பற் பட்டை. அக்கால எகிப்தியக் குயவர் கையில் வாராத வனப்பு அது.

பின்னர், சுவிசு அறிஞர் சார்லசு பொன்னே பல்லாண்டுகள் அகழ்ந்து, கெர்மா நூபிய அரசர்தம் தலைநகரே என்று நிறுவினார். அவ்வாறாயின் எகிப்தியச் சிலைகள் வந்த வகை யாது? கவர்ந்து வந்தவை என்பர் இன்றைய அறிஞர். 2003-இல் எகிப்தின் எல்காபில் ஒரு கல்லறையில் வெளிப்பட்ட எழுத்து, நூபியர் படையெடுத்து வந்ததைக் கூறுகின்றது. எழுதி வைத்தவர் எகிப்தியரே!