இடிக்கு அஞ்சும் நாய்

திருடனை எதிர்த்து நிற்கும் நாய், இடி முழங்கினால் கட்டிலின் கீழ் ஒடுங்குவதைக் கண்டு நகைக்காதவர் அரியர். ராஜபாளையம், கோம்பை என வீரத்துக்குப் பெயர்பெற்ற இனங்களும் இதற்கு விலக்கல்ல. ஆயினும் அது நகைப்புக்குரியதன்று. நடுக்கமும் மூச்சிரைப்பும் எச்சில் வடிதலும் அவ்வுயிர் படும் துன்பத்தின் அடையாளங்கள். அச்சம் மிகுந்தால் கயிற்றை அறுத்துக்கொண்டு ஓடி, வழிதவறுவதும் வண்டியில் அடிபட்டு மாள்வதும் உண்டு.

மின்னலுக்குப் பின் இடி வருமென நாம் அறிவோம். ஒலி 3 நொடியில் ஏறக்குறைய 1 கிலோமீட்டர் செல்லும் எனக் கணக்கிட்டு மனந்தேறுகிறோம். நாய்க்கு அந்த அறிவின் ஆறுதல் இல்லை. மேலும், 1904-இல் நோபல் பரிசு பெற்ற ரஷ்ய அறிஞர் பாவ்லவ், உணவோடு இணைந்து வந்த அடையாளத்தை உணர்ந்த மாத்திரத்திலேயே நாய்க்கு எச்சில் ஊறுவதை ஆராய்ந்து காட்டினார். அதே விதியால், இடியோடு இணைந்து வரும் காற்றும் இருளும் மழையோசையும்கூட அதற்கு அச்சமூட்டுகின்றன. நோயைத் தந்த விதியே மருந்தையும் தரும்.

எங்கள் வீட்டு நாய் மணிக்கு அம்மருந்தைக் கொடுத்துப் பார்த்தோம். வானம் தெளிந்திருந்த பங்குனி மாதத்தில், பதிவு செய்த இடியோசையை மிகமிக மெல்ல ஒலிக்கச் செய்து, உடனே ஒரு துண்டு இறைச்சி கொடுப்போம். அது அமைதியாக உண்டால் மறுநாள் ஒலியைச் சிறிது கூட்டுவோம். காது மடிந்தால் குறைப்போம். இவ்வாறு பல வாரங்கள் சென்றன. முதல் நாளிலேயே பெருமுழக்கத்தைக் கேட்கச் செய்தால் அச்சம் பெருகுமேயன்றிக் குறையாது. ஐப்பசி மழையில் மணி கட்டிலின் கீழேதான் சென்றது. பதிவில் மின்னலும் காற்றும் இல்லையல்லவா? ஆனால், முன்போல் நடுங்காமல், நீட்டிய துண்டை வாங்கித் தின்றது. அதுவே பெரிய வெற்றி.

இடி இடிக்கும்போது சன்னல்களைச் சாத்துங்கள். வானொலியைச் சற்று உரக்க வையுங்கள். நாய் ஒளிந்த இடத்திலிருந்து அதை இழுக்காதீர்கள்; கட்டிப்போடாதீர்கள்; அதட்டாதீர்கள். தடவிக்கொடுத்தால் அச்சம் வளரும் என்பர் சிலர். அச்சம் பரிசுக்காகச் செய்யும் வித்தையன்று. அது நாடி வந்தால் தாராளமாகத் தடவிக்கொடுக்கலாம். அச்சம் கடுமையாயின் கால்நடை மருத்துவரை நாடுங்கள். மனிதருக்கான மாத்திரைகளைக் கொடுக்கவே கூடாது.

தெருநாய்க்கோ ஒளிந்துகொள்ளக் கட்டிலும் இல்லை. இடி முழங்கும் இரவில் உங்கள் திண்ணையோரம் அது ஒண்டினால், தொட வேண்டா. அஞ்சிய விலங்கு கடிக்கவும் கூடும். விரட்டாமல் இருங்கள், மழை விட்டதும் அது தானே போய்விடும். அந்த ஒரு நாழிகை இடம் கொடுப்பது நமக்குச் சிறிது, அதற்கோ பெரிது.