கரணை பிடித்த கையும் துடுப்பு வலித்த கையும்

(கல்விச் சங்கத்தின் வெள்ளி விழாவில் ஆற்றிய உரை)

 

25 ஆண்டுகளை நிறைவு செய்திருக்கும் இச்சங்கத்தின் விழாவில் இளைஞர்களுக்குச் சில சொற்கள் கூற வேண்டும் எனப் பொறுப்பாளர்கள் பணித்தனர். இத்தகைய மேடைகளில் நம் தலைவர்களின் வாழ்க்கையை எடுத்துரைப்பது வழக்கம். இன்று சற்றே விலகி, கடல் கடந்த நாட்டில் வாழ்ந்த ஒரு கொத்தனாரின் வரலாற்றைச் சொல்ல விழைகின்றோம். படகுப் போட்டியில் உலகை வென்று, பின்னர்ச் செல்வம் ஈட்டி, பெருந்தொழில் நடத்தியவர் அவர். அவருக்கும் நமக்கும் என்ன தொடர்பு என்னும் வினாவுக்கு உரையின் போக்கிலேயே விடை கிடைக்கும்.

அவர் பெயர் ஜான் கெல்லி. 1889ஆம் ஆண்டு அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில் பிறந்தார். பெற்றோர் அயர்லாந்திலிருந்து பிழைப்புத் தேடிக் குடியேறியவர்கள். மக்கள் பத்துப் பேர். பலர் உழைத்தால்தான் அடுப்பு எரியும் என்னும் நிலை. கெல்லியும் இளமையிலேயே வேலைக்குச் சென்று, அண்ணனின் கட்டடத் தொழிலில் செங்கல் அடுக்கப் பழகினார். அவ்வூரில் ஸ்கூல்கில் என்னும் ஆறு ஓடுகிறது. பகலெல்லாம் கரணை பிடித்த கை, வேலை முடிந்ததும் அந்த ஆற்றில் துடுப்பு வலித்தது. முதல் உலகப் போரில் சாதாரணச் சிப்பாயாகப் படையில் சேர்ந்து அதிகாரியாக உயர்ந்து திரும்பினார். திரும்பியதும் மீண்டும் ஆற்றில் இறங்கி, நாட்டின் முதன்மையான படகு வீரராகத் திகழ்ந்தார்.

இங்கிலாந்தில் தேம்ஸ் நதிக்கரையில் ஹென்லி என்றோர் ஊர் உண்டு. 1839ஆம் ஆண்டு முதல் அங்கே படகுப் போட்டி நடந்து வருகிறது. தனி ஆளாகப் படகு வலிப்போர்க்கு அங்கு வழங்கப்படும் டயமண்ட் ஸ்கல்ஸ் என்னும் பரிசே அந்நாளில் உலகின் தலைசிறந்த பரிசாக மதிக்கப்பட்டது. 1920ஆம் ஆண்டு அப்போட்டிக்குக் கெல்லி விண்ணப்பித்தார். விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது.

காரணம் இரண்டு. ஒன்று, அவர் சார்ந்திருந்த வெஸ்பர் படகுக் கழகத்தின் மீது, பொதுமக்களிடம் பணம் திரட்டி முன்னர் ஹென்லிக்கு வந்தது என்பதற்காக, ஏற்கெனவே தடை இருந்தது. மற்றொன்று, நாம் ஊன்றி நோக்க வேண்டியது. கூலிக்குக் கைத்தொழில் செய்தவன், கைவினைஞன், உழைப்பாளி எவனும், இன்று செய்தாலும் முன்னொரு நாள் செய்திருந்தாலும், அப்போட்டியில் கலந்து கொள்ளலாகாது என்பது அங்கு நிலவிய விதி. 1879இல் வகுக்கப்பட்ட விதி அது. கைகளால் உழைப்பவனுக்கு உடல் வலிமை இயல்பாகவே கூடுதலாக இருக்கும், ஆகவே அவனோடு போட்டியிடுவது நியாயமன்று என்று சமாதானம் கூறினார்கள். அன்பர்களே, உண்மை அதுவன்று. உழைப்பாளியோடு ஒரே நீரில் இறங்க அவர்களுக்கு மனம் ஒப்பவில்லை. ஒரே நீரைப் பற்றி நமக்கு எவரும் விளக்கிச் சொல்லத் தேவையில்லை.

கெல்லி என்ன செய்தார்? அதே ஆண்டு பெல்ஜியம் நாட்டில் ஒலிம்பிக் போட்டி நடந்தது. தனி ஆள் படகுப் போட்டியின் இறுதிச் சுற்றில் அவரை எதிர்த்தவர் இங்கிலாந்தின் ஜாக் பெரஸ்போர்ட். அவ்வாண்டு ஹென்லியில் டயமண்ட் ஸ்கல்ஸ் பரிசை வென்றவரும் அவரே. 2,000 மீட்டர் தொலைவை வலித்து முடித்தபோது கெல்லி ஒரே ஒரு வினாடி முன்னே இருந்தார். இருவரும் கை குலுக்கவும் வலுவின்றிச் சோர்ந்தனர். ஏறத்தாழ அரை மணி நேரத்தில் கெல்லி மீண்டும் படகில் அமர்ந்தார். இம்முறை உடன் அமர்ந்தவர் அவருடைய உறவினர் பால் காஸ்டெல்லோ. இருவர் போட்டியிலும் தங்கம் கிடைத்தது. 1924இல் பாரிஸ் ஒலிம்பிக்கிலும் இவ்விருவரும் வென்றனர். வாயில் மறுக்கப்பட்ட கொத்தனாரின் கையில் மூன்று தங்கப் பதக்கங்கள்!

விளையாட்டுப் புகழ் வயிற்றை நிரப்புவதில்லை. அந்நாளில் அமெச்சூர் வீரருக்குப் பரிசுப் பணமும் கிடையாது. ஆகவே கெல்லியின் இரண்டாம் வாழ்க்கையையும் இளைஞர்கள் அறிய வேண்டும். உடன்பிறந்தாரிடம் கடனாகப் பணம் பெற்று அவர் சொந்தமாகச் செங்கல் கட்டுமான நிறுவனம் தொடங்கினார். அவர்தம் தொழில் வளர்ந்தது. கோடீஸ்வரர் எனப் பெயர் பெற்றார். 1935இல் பிலடெல்பியா நகர மேயர் பதவிக்குப் போட்டியிட்டுத் தோற்றார் எனினும், நகரின் முன்னணி மனிதர்களுள் ஒருவராக 1960இல் மறையும் வரை வாழ்ந்தார்.

இதில் இரண்டு செய்திகளை உற்று நோக்க வேண்டும். முதலாவது, அவர் தம் தொழிலை மறைக்கவில்லை. 'செங்கல் வேலைக்குக் கெல்லி' என்பதே அவருடைய நிறுவனத்தின் விளம்பரச் சொல். எந்த வேலையைக் காரணங்காட்டி வாயிலை அடைத்தார்களோ, அந்த வேலையின் பெயரையே நகரெங்கும் எழுதி வைத்தார். இரண்டாவது, அவருடைய முதலீடு குடும்பத்திலிருந்து வந்தது. கைப்பிடிப்பார் இல்லாத திறமை பெரும்பாலும் கூலியோடு நின்றுவிடுகிறது.

இனி வேறொரு வீரரைப் பாருங்கள். ஆஸ்திரேலியாவின் பாபி பியர்ஸ் 1928இல் ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக்கில் தங்கம் வென்றவர். போட்டியின் நடுவே வாத்துக் கூட்டம் ஒன்று குறுக்கிட, படகை நிறுத்தி அவற்றுக்கு வழிவிட்டு, அதன் பின்னும் வென்றவர். அவரையும் ஹென்லி ஏற்கவில்லை. அவர் தச்சர் என்பதே காரணம். பின்னர் அவருக்கு மது விற்பனை நிறுவனம் ஒன்றில் விற்பனையாளர் வேலை கிடைத்தது. 1931இல் அதே பியர்ஸ் ஹென்லியில் அனுமதிக்கப்பட்டு, டயமண்ட் ஸ்கல்ஸ் பரிசையும் வென்றார். அதே கை, அதே தோள், அதே ஆள். உளி இருந்த கையில் விற்பனைக் கணக்கு வந்தவுடன் அவர் கனவான் ஆகிவிட்டார்!

இங்கேதான் அவர்கள் கதைக்கும் நம் கதைக்கும் உள்ள வேறுபாட்டையும் மறவாமல் சொல்ல வேண்டும். பியர்ஸ் தொழிலை மாற்றினார், கதவு திறந்தது. நம் நாட்டில் தொழில் மாறினாலும் பிறப்பைப் பற்றிய கேள்வி மாறுவதில்லை. பல்வங்கர் பாலு என்னும் நம் சகோதரர், 1911இல் இங்கிலாந்து சென்ற இந்தியக் கிரிக்கெட் அணியில் 100க்கு மேற்பட்ட விக்கெட்டுகளை வீழ்த்தியவர். அத்தகையவருக்குப் புனாவில், உடன் ஆடிய வீரர்களே தேநீரைத் தனியாக வெளியில் வைத்துத் தனிக் குவளையில் கொடுத்தனர். அவர் எறிந்த பந்தைத் தொட்டார்கள். அவர் தொட்ட கோப்பையைத் தொடவில்லை.

மீண்டும் ஹென்லிக்கு வருவோம். அந்த விதி எப்போது நீங்கியது? கெல்லி மூன்று தங்கம் வென்றதனால் நீங்கவில்லை. 1936இல் பெர்லின் ஒலிம்பிக்கிற்குச் சென்ற ஆஸ்திரேலிய அணியினர் காவலர்கள். காவலர் வேலையும் கைத்தொழிலே எனக் கூறி அவர்களையும் ஹென்லி விலக்கியது. கண்டனம் எழுந்தது. 1937இல்தான் உழைப்பாளிகளை விலக்கும் சொற்கள் விதியிலிருந்து நீக்கப்பட்டன. ஆனால் அதற்கு வெகு முன்னரே, 1890இல், உழைப்பாளிகளையும் சேர்த்துக் கொள்ளும் தனிப் படகுச் சங்கம் ஒன்று இங்கிலாந்தில் தோன்றியிருந்தது. அதற்கு முன்னின்றவர் பர்னிவால் என்னும் அறிஞர். ஆக்ஸ்போர்டு அகராதிப் பணிக்கு வித்திட்டவர்களுள் ஒருவர். லண்டனில் தொழிலாளர் கல்லூரியில் உழைப்பாளிகளுக்குப் பாடம் நடத்தியவர். எழுத்தறிவித்த கையே துடுப்பையும் எடுத்துக் கொடுத்தது!

ஆகவே இளைஞர்களே, தனி மனிதனின் வெற்றி, விதி பொய் என்பதை மெய்ப்பிக்கும். விதியை மாற்றுவதற்கோ பலர் கூடிய குரலும், சலியாது நிற்கும் சங்கமும் வேண்டும். ஒன்று இருந்து மற்றொன்று இல்லையேல் பயன் பாதியே. 25 ஆண்டுகளாக இச்சங்கம் நிற்பதன் பொருள் இதுவே.

கெல்லியின் மகனும் ஜான் கெல்லி என்னும் பெயருடையவரே. தந்தை அவரை இளமையிலிருந்தே துடுப்புக்குப் பழக்கினார். 1947இல் மகன் ஹென்லியில் டயமண்ட் ஸ்கல்ஸ் பரிசை வென்றார். 1949இல் மீண்டும் வென்றார். கெல்லியின் மகள் கிரேஸ், புகழ்பெற்ற திரைப்பட நடிகையாகிப் பின்னர் மொனாக்கோ நாட்டு இளவரசியானார். 1981இல் அதே ஹென்லி அவரை அழைத்துப் பரிசுகளை வழங்கச் செய்தது. தந்தை நுழைய முடியாத இடத்தில் மகன் பரிசு பெற்றார். மகள் பரிசு கொடுத்தார். தலைமுறைக் கணக்கு என்பது இதுதான்.

நாம் ஆசிரியர், அறிவுரை கூறாமல் அமர்ந்தால் உங்களுக்கே ஏமாற்றமாக இருக்கும். மூன்று சொற்கள் கூறி அமைகின்றோம்.

ஒன்று: பள்ளிச் சேர்க்கைப் படிவத்தில் தந்தையின் தொழில் என்னும் இடத்தை நிரப்பத் தயங்கி, பேனாவைக் கையில் வைத்துக் கொண்டு தலைகுனிந்து நிற்கும் பிள்ளைகளை நாம் ஆண்டுதோறும் காண்கின்றோம். கண்மணிகளே, தலை குனிய வேண்டியவர்கள் நீங்கள் அல்லர். கொத்தனார், சித்தாள், துப்புரவுப் பணியாளர், தோல் தொழிலாளி என்று தெளிவாக எழுதுங்கள். அதே வேளையில், அத்தொழிலையே நீங்களும் செய்தாக வேண்டும் என்று எவர் கூறினாலும் ஏற்காதீர்கள். தொழிலுக்கு வெட்கப்படாமை வேறு. தொழிலுக்குக் கட்டுப்பட்டுக் கிடப்பது வேறு.

இரண்டு: கணக்கு அறியுங்கள். செங்கல் அடுக்கத் தெரிந்தவர் நம்மில் ஆயிரம் பேர். ஒரு கட்டடத்துக்கு எத்தனை செங்கல், எவ்வளவு கூலி, எவ்வளவு வட்டி, எஞ்சுவது என்ன எனக் கணக்கிட்டு ஒப்பந்தம் எடுக்கத் தெரிந்தவர் எத்தனை பேர்? வணிகவியலும் கணக்குப் பதிவியலும் பிறர் வீட்டுப் பாடங்கள் அல்ல. அரசு வேலை ஒன்றையே வாயிலாகக் கருதிக் காத்திராமல், வங்கி, தணிக்கை, தொழில் முனைவு ஆகிய வாயில்களையும் தட்டுங்கள்.

மூன்று: பதவி பெற்று நகரில் குடியேறிய நம் சகோதரர்கள், கெல்லிக்கு உடன்பிறந்தார் செய்ததை நம் பிள்ளைகளுக்குச் செய்ய வேண்டும். ஒரு மாணவனின் விடுதிக் கட்டணம், ஒரு மாணவியின் தேர்வுக் கட்டணம், தொழில் தொடங்கும் ஓர் இளைஞனுக்குத் திருப்பித் தரும் உறுதியோடு ஒரு சிறு கடன். இவற்றைத் தருமம் என எண்ண வேண்டாம். முதலீடு என எண்ணுங்கள்.

இருவர் வலிக்கும் படகில் ஒருவர் மட்டும் வலித்தால் படகு முன்னே செல்லாது. நின்ற இடத்திலேயே வட்டமிடும். படித்தவரும் படிக்க விழைபவரும் ஒரே படகில் அமர்ந்து, ஒரே தாளத்தில் வலிப்போமாக. கரை நெடுந்தொலைவில் இல்லை.