பெயர் எனும் அமானிதம்

(ஜமாஅத் ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)





இன்று நாம் பேச எடுத்துக்கொண்ட பொருள், மனிதர்க்கு இடும் பெயர். அண்மையில் நம் மஹல்லாவில் நடந்த ஓர் அகீகா நிகழ்ச்சியே இதற்குக் காரணம். பெண் குழந்தைக்குப் பெயர் சூட்டும் வேளையில், வீட்டின் மூத்த பெண்மணி, மறைந்த தம் தாயாரின் பெயரான முத்து பீவி என்பதை வைக்கலாமே என்றார்கள். குழந்தையின் தந்தையோ, "வாப்பும்மா, அது நம் மார்க்கப் பெயர் இல்லையே" என்று சொல்லிவிட்டார். அவர்கள் மறுமொழி கூறவில்லை. தலைத்துணியைச் சரிசெய்துகொண்டு அமைதியாக இருந்துவிட்டார்கள். அந்த மௌனம் நம்மை வெகுநாள் உறுத்தியது. மார்க்கப் பெயர் என்பது எது? அதற்கு மொழி உண்டா?

முதலில் அரபு மக்களையே பார்ப்போம். தல்ஹா என்பது முள்மரம் ஒன்றின் பெயர். ஹம்ஸா, உஸாமா ஆகியவை சிங்கத்தைக் குறிப்பவை. ஜஃபர் என்றால் ஓடை. பாத்திமா என்றால் பால்குடி மறந்தவள். கதீஜா என்பது குறைமாதத்தில் பிறந்தவளைக் குறிக்கும் சொல்லடியில் தோன்றியது. இவையெல்லாம் பாலைவன வாழ்விலிருந்து எழுந்த பெயர்கள். இவற்றுள் பல, இஸ்லாத்தின் அழைப்புக்கு முன்னரே சூட்டப்பட்டவை. நபி (ஸல்) அவர்கள் தம் தோழர்களுள் பெரும்பாலோரின் பெயர்களை அப்படியே விட்டுவிட்டார்கள். பொருள் தீயதாக இருந்தவற்றையே மாற்றினார்கள். உமர் (ரலி) அவர்களின் மகளார் ஒருவருக்கு 'கீழ்ப்படியாதவள்' என்னும் பொருளில் ஆஸியா என்ற பெயர் இருந்தது. அதை மாற்றி, 'அழகியவள்' எனப் பொருள்படும் ஜமீலா என்று சூட்டினார்கள். ஆக, அங்கே அளவுகோலாக நின்றது மொழியன்று. பொருளே என்பது தெளிவு.

அரபகத்தைக் கடந்து செல்வோம். நம் பிள்ளைகளுக்கு நாம் விரும்பிச் சூட்டும் ஷிரீன், பர்வீன், பிரோஸ் ஆகியவை அரபுச் சொற்களே அல்ல, பாரசீகச் சொற்கள். ஷிரீன் இனிமை, பர்வீன் வானத்துக் கார்த்திகை மீன்கூட்டம், பிரோஸ் வெற்றி. உலகில் முஸ்லிம்கள் மிகுதியாக வாழும் நாடுகளுள் ஒன்றான இந்தோனேசியாவின் முதல் குடியரசுத் தலைவர் சுகர்ணோ. குழந்தைப் பருவத்தில் அவருக்கு இருந்த பெயரை மாற்றி, மகாபாரதக் கர்ணனின் நினைவாக இப்பெயரைத் தந்தையார் சூட்டினார். 2001 முதல் 2004 வரை அந்நாட்டின் தலைவராக இருந்த அவருடைய மகளார் மேகவதியின் பெயரில் இருப்பது நாம் அறிந்த மேகமே.

ஒரே பெயர் பல உடை தரித்து உலவுவதும் உண்டு. யஹ்யா நபியைக் கிறிஸ்தவர்கள் ஜான் என்பர். அதன் எபிரேய மூலத்திற்கு 'இறைவன் அருளுடையவன்' என்பது பொருள். அப்பொருளைத் தழுவியே தமிழ்க் கத்தோலிக்கர் அருளப்பர் என்று வழங்கினர். நம் தெருவின் யஹ்யாவும், அடுத்த தெருவின் ஜானும், அதற்கடுத்த தெருவின் அருளப்பனும் ஒரே பெயரைத்தான் தாங்கி நிற்கின்றனர்!

பிறந்த நாளையே பெயராக்கும் மக்களும் உளர். மேற்கு ஆப்பிரிக்காவின் அக்கான் மக்களிடையே வெள்ளிக்கிழமை பிறந்த ஆண்மகன் கோஃபி எனப்படுவான். 1997 முதல் 2006 வரை ஐ.நா. பொதுச்செயலாளராக விளங்கிய கோஃபி அன்னானின் பெயர் அதுவே. கிழக்கு ஆப்பிரிக்க முஸ்லிம்களிடம் ஜுமா என்ற பெயரும் வெள்ளிக்கிழமையையே நினைவூட்டுகிறது. ஐஸ்லாந்து நாட்டிலோ பெரும்பாலோர்க்குக் குடும்பப் பெயர் கிடையாது. தந்தையின் பெயரோடு மகன், மகள் என்னும் சொல்லைச் சேர்த்துக்கொள்வர். அரபியரின் இப்னு, பின்த் என்பதும், தந்தை பெயரின் முதலெழுத்தை முன்னே இடும் நம் தமிழ் வழக்கமும் அதற்கு உறவே.

இனி, அந்த அகீகா வீட்டிற்குத் திரும்புவோம். தந்தை தேர்ந்து வைத்திருந்த பெயர் ஜுமானா. பொருள் என்னவென்று அவர் இமாம் அவர்களிடம் கேட்டார். இமாம் அவர்கள் முறுவலித்து, "முத்துதான், தம்பி" என்றார்கள். வாப்பும்மா கேட்டதும் அதைத்தானே! கிரேக்க மூலத்திலிருந்து வந்த மார்கரெட் என்பதற்கும் முத்து என்றே பொருள். மன்னார் வளைகுடாவில் முத்துக்குளித்து வாழ்ந்த கரையோர முஸ்லிம்களுக்கு முத்து, உழைப்பின் பயன். அதனோடு பாரசீக வழி வந்த பீவியைச் சேர்த்துக்கொண்டனர். அப்பெயரில் இழிவு எங்கே இருக்கிறது? குழந்தைக்கு ஜுமானா என்றே பெயர் சூட்டப்பட்டது. ஆயினும் அவ்வீட்டில் அக்குழந்தையை இன்று எல்லோரும் முத்து என்றே அழைக்கின்றனர்.

அன்பர்களே! பொருளறிந்து சூட்டிய பெயரைப் பிழையின்றி எழுதுவதும் நம் கடமை. மேலே சொன்ன ஆஸியா என்ற பெயரையும், பிர்அவ்னின் மனைவியாரான ஆஸியா (அலை) அவர்களின் பெயரையும் தமிழில் ஒன்றுபோல் எழுதுகிறோம். அரபியில் எழுத்தும் வேறு, பொருளும் வேறு. முஹ்யித்தீன் என்ற ஒரே பெயர் முகைதீன், மைதீன், மொய்தீன் என ஆவணத்திற்கு ஆவணம் உருமாறுகிறது. அப்துர் ரஹ்மானைப் பாதியாக வெட்டி 'அப்துல்' என்று மட்டும் அழைக்கிறோம். யாருடைய அடிமை என்பது அதில் இல்லாமல் போகிறது. தந்தையின் பெயர் இரு சான்றுகளில் இரு விதமாக இருந்த காரணத்தால், வெளிநாட்டு வேலை கைநழுவிப்போன இளைஞரை நாம் அறிவோம்.

எனவே பிறப்பை 21 நாட்களுக்குள் பதிவு செய்யுங்கள். பெயர் முடிவாகவில்லையெனில் 12 மாதங்கள் வரை கட்டணமின்றியும், அதன்பின் 15 ஆண்டுகள் வரை தாமதக் கட்டணத்துடனும் பெயரைச் சேர்க்க விதி இடமளிக்கிறது. 1.10.2023 முதல் பிறந்தவர்களுக்குப் பிறந்த தேதிக்கும் இடத்திற்கும் பிறப்புச் சான்றிதழே ஆதாரம் என்று சட்டம் திருத்தப்பட்டுள்ளது. அதில் விழும் ஓரெழுத்துப் பிழை வாழ்நாள் முழுதும் தொடரும். நம் ஜமாஅத் அலுவலகத்தில் பெயர்ப் பதிவேடு ஒன்று வைத்து, சூட்டப்படும் ஒவ்வொரு பெயரையும் அரபு, தமிழ், ஆங்கில எழுத்துகளிலும் பொருளோடும் குறித்துத் தரலாம் என்பது நம் பணிவான வேண்டுகோள்.

பேரன் என்னும் சொல்லே பெயரன் என்பதன் மருஉ. பாட்டனின் பெயரைத் தாங்குபவன் என்று பொருள். பெற்றோர் பிள்ளைக்குத் தரும் முதல் அன்பளிப்பு பெயர். முன்னோர் நம்மிடம் விட்டுச்சென்ற அமானிதமும் அதுவே. புதுப்பெயர் சூட்டுவதில் தவறில்லை; பழம்பெயரைப் பழிப்பதே தவறு. பெயரைத் தேடும்போது கைப்பேசியைப் பார்ப்பதற்கு முன், வீட்டு மூத்தோரின் முகத்தையும் சற்றுப் பாருங்கள்.

நற்பெயர் சூட்டவும், அப்பெயருக்கேற்ப வாழவும் வல்ல அல்லாஹ் நம் அனைவருக்கும் அருள்புரிவானாக! ஆமீன்.

வஸ்ஸலாம்.